அப்பா போட வேண்டிய கையெழுத்து

சாம்ராஜ் வீட்டை விட்டுப் போன பத்தாம் நாள் சபை மூப்பர் ஏசுவடியான் இன்னும் இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு ஞானபாக்கியத்தைப் பார்க்க வந்தார். மூவரும் ஜெபம் பண்ணினார்கள். கர்த்தர் இந்த மகளுக்குப் பொறுமையைத் தர வேண்டும் என்று பாதி ஜெபம் போனது. நாவடக்கத்தைத் தர வேண்டும் என்று மீதிப் பாதி போனது. ஆமென் சொல்லி முடித்து ஏசுவடியான் காப்பிக்காகக் காத்திருந்தார்.

“ஆம்பளைன்னா நாலு எடம் போவான், வருவான். நீ கொஞ்சம் தணிஞ்சு போயிருக்கலாம் பாக்கியம்.”

“இன்னும் எம்புட்டுத் தணியணும்? தரையிலதான் படுத்துக் கெடந்தேன். என்னையத் தாண்டித்தான் அவுக போனாக.”

காப்பி வரவில்லை. மூப்பர்கள் எழுந்து போனார்கள். அந்தப் பிள்ளைக்கு வாய் நீளம், சாம்ராஜும் எத்தனை நாள்தான் தாங்குவான் என்று அடுத்த ஞாயிறே கோவிலில் பேச்சு வந்துவிட்டது.

இது 1981ஆம் வருஷம் அக்டோபரில். ஞானபாக்கியத்துக்கு அப்போது இருபத்திரண்டு வயது. பாளையம்பட்டியில் அவளுடைய அப்பா விட்டுப்போன ஒற்றை அறை ஓட்டுவீடு, எஸ்எஸ்எல்சி பாஸ் செய்த சான்றிதழ், எட்டு மாதக் கைக்குழந்தை சுஜிதா, இவ்வளவுதான் அவளுடைய உலகம். சாம்ராஜ் சைக்கிளில் ஜவுளி மூட்டை கட்டி வியாபாரம் செய்தவன். வியாபாரத்துக்குப் போன இடத்தில் காரியாபட்டிச் சந்தைப் பக்கம் இட்லிக்கடை வைத்திருந்த சந்தனம்மாளிடம் தினமும் சாப்பிட்டான். பிறகு சாப்பிட்ட இடத்திலேயே தங்கிவிட்டான். அவன் ஏதோ பெரிய காதலில் போனான் என்றிருந்தால்கூட ஞானபாக்கியம் கொஞ்சம் அழுதிருப்பாள். இட்லிக்காகப் போனவனுக்காக அழ அவளுக்கு வெட்கமாக இருந்தது.

மறுவருஷம் பள்ளிக்கூடங்களில் சத்துணவுத் திட்டம் வந்தது. ஊருக்கு ஊர் அமைப்பாளர் வேலை. விதவைகளுக்கும் கணவன் கைவிட்ட பெண்களுக்கும் முன்னுரிமை என்றார்கள். ஆனால் கைவிட்டான் என்பதற்குச் சான்றிதழ் வேண்டும். அதை விசாரிக்க வருவாய் ஆய்வாளர் வீட்டுக்கு வந்தார். அக்கம்பக்கத்தில், “புருஷன் வந்து போறதுண்டா? ராத்திரியில?” என்று கேட்டார். குழம்புச் சட்டியை எட்டிப் பார்த்தார். கொடியில் ஆண் துணி கிடக்கிறதா என்று பார்த்தார். கடைசியாக அவளிடம் வந்தார்.

“மனசு மாறித் திரும்பி வர்றதுக்கு வாய்ப்பிருக்காம்மா?”

“வந்தா இந்த வேலை போயிருமா சார்?”

“அப்ப யோசிக்க வேண்டி வரும்.”

“அப்ப வர மாட்டாக. எழுதிக்கிருங்க.”

தாசில்தார் ஆபீஸில் எழுதிக்கொடுத்தார்கள். ‘சாம்ராஜ் என்பவரால் கைவிடப்பட்டு ஆதரவின்றி வாழ்ந்துவருபவர்’ என்று வட்ட முத்திரை குத்தின தாள். ஞானபாக்கியம் அதை நாலாக மடித்துப் பிளாஸ்டிக் உறையில் போட்டுக்கொண்டாள். கல்யாணத்துக்குப் பாதிரியார் கொடுத்த தாளைவிட இது உபயோகமான தாள் என்று நினைத்தாள். அந்தத் தாளில் வேலை கிடைத்தது. திருச்சுழி ரோட்டில் வேலாங்குளம் என்கிற சின்னக் கரிசல் ஊர். பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு தினமும் டவுன் பஸ்ஸில் போவாள். அரிசி அளந்து போடுவாள், பருப்பில் வண்டு பொறுக்கச் சொல்வாள், கருவேல விறகின் புகையில் கண்ணைக் கசக்கிக்கொண்டு பதிவேடு எழுதுவாள். பிள்ளைகள் அவளை டீச்சர் என்றே கூப்பிட்டார்கள்.

ஒரேயடியாகத் தலைமுழுகிவிடலாம் என்று ஒரு வக்கீலைப் போய்ப் பார்த்ததும் உண்டு. கிறிஸ்தவர்களுக்கான விவாகரத்துச் சட்டம் வெள்ளைக்காரன் காலத்தது என்றார் அவர். பெண்டாட்டி இன்னொருத்தனோடு போனால் புருஷனுக்கு அந்த ஒரு குற்றமே போதும். புருஷன் இன்னொருத்தியோடு போனால் பெண்டாட்டிக்கு அது மட்டும் காணாது, கூடவே இன்னொரு குற்றமும் காட்ட வேண்டும்.

“ஆம்பளைக்கு ஒரு தப்பு, பொம்பளைக்கு ரெண்டு தப்பு. அப்படித்தான சார்?” என்று கேட்டாள்.

“சட்டம் அப்படித்தாம்மா இருக்கு. அதுக்கப்புறம் மெட்ராஸ் ஹைகோர்ட்டும் உறுதி பண்ணணும்.”

மெட்ராஸில் உட்கார்ந்து சாம்ராஜைப் பற்றிப் பெரிய நீதிபதிகள் யோசிப்பதை அவள் நினைத்துப் பார்த்தாள். அந்த மனுஷனுக்கு அவ்வளவு மரியாதை கிடைக்க விடக் கூடாது என்று வீட்டுக்கு வந்துவிட்டாள்.

சுஜிதாவை வேலாங்குளம் பள்ளியிலேயே ஒன்றாம் வகுப்பில் சேர்த்தாள். தலைமையாசிரியர் பதிவேட்டைத் திறந்து, பெயர் என்ன என்று கேட்டார்.

“ஞா. சுஜிதா.”

“ஞா யாரு?”

“நான்தான் சார். ஞானபாக்கியம்.”

அவர் பேனாவை மூடினார். “அம்மா பேர்ல இனிஷியல் போட்டா ஊர்ல என்ன நெனப்பாக? அப்பன் பேரு தெரியாத பிள்ளைம்பாக.”

“அப்பன் பேரு நல்லாத் தெரியும் சார். அதனாலதான் போட வேணாங்கேன்.”

அவர் சிரித்துவிட்டு, சா. சுஜிதா என்றே எழுதினார். தினமும் அவள் ஆக்கிப்போட்ட சோற்றுக்கு ருசி பார்த்துக் கையெழுத்துப் போடுகிற மனிதர். அதற்குப் பிறகு அவர் ருசி பார்க்கிற தட்டில் அவள் கறிவேப்பிலையை மட்டும் தாராளமாகப் போட்டாள்.

1992இல் ஆறாம் வகுப்புக்கு அருப்புக்கோட்டையில் விடுதியோடு சேர்ந்த ஒரு பெண்கள் பள்ளிக்கு விண்ணப்பம் வாங்கினாள். அங்கே அலுவலக எழுத்தர் ராஜகுரு. அச்சுப் பிசகாத மனிதர். படிவத்தைப் பார்த்தார், தகப்பனார் கையெழுத்து எங்கே என்று கேட்டார். அவள் பிளாஸ்டிக் உறையைப் பிரித்துத் தாசில்தார் சான்றிதழை நீட்டினாள். ராஜகுரு இரண்டு முறை வாசித்தார்.

“இது உங்களுக்குக் குடுத்ததும்மா.”

“ஆமா.”

“உங்களைக் கைவிட்டாருன்னுதான் இதுல இருக்கு. பிள்ளையைக் கைவிட்டாருன்னு எங்க இருக்கு?”

அவள் தாளை மறுபடி உறைக்குள் போட்டுக்கொண்டாள். சாதிச் சான்றிதழுக்குப் போன இடத்திலும் இதே கதைதான். சாம்ராஜ் மகளை விட்டுப் போயிருந்தாலும் சாம்ராஜின் சாதி அவளை விட்டுப் போகவில்லையாம். அப்பன் சாதிதான் பிள்ளைக்கு, அவரைக் கூட்டிக்கொண்டு வாருங்கள் என்றார்கள்.

காரியாபட்டிக்குப் பஸ் ஏறினாள். பதினோரு வருஷத்தில் முதல் முறை. சாம்ராஜ் இப்போது ஜவுளி விற்கவில்லை. இட்லிக்கடை ஓரத்தில் ஒரு மேஜை போட்டு லாட்டரிச் சீட்டுகளைத் துணி கிளிப்பில் மாட்டித் தொங்கவிட்டிருந்தான். கையில் மைக். நாளைக்கு நீங்களும் லட்சாதிபதி என்று போகிற வருகிறவர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தான். சட்டையில் காலர் கிழிந்திருந்தது. அவளைப் பார்த்ததும் மைக்கை அணைத்தான்.

விஷயத்தைச் சொன்னாள். அவன் நாற்காலியில் சாய்ந்துகொண்டான்.

“எம் பிள்ளைக்கு நான் கையெழுத்துப் போட மாட்டேன்னா சொல்றேன்? ஆனா முறைன்னு ஒண்ணு இருக்குல்ல. அங்க வந்தா நான் அப்பன். அப்பனுக்கு உள்ள மரியாதை இருக்கணும். நீ எனக்கு முன்னாடி நடக்கக் கூடாது.”

“பின்னாடியே வாரேன். பஸ்ஸை விட்டு எறங்குனா எந்தப் பக்கம் திரும்பணும்னு மட்டும் இப்பவே சொல்லிருதேன்.”

இட்லிக்கடைக்குள்ளிருந்து சந்தனம்மாள் கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். பருத்து, மூச்சு வாங்கிக்கொண்டு, சண்டைக்குத் தயாராகத்தான் வந்தாள். கூட்டிக்கொண்டு போக வந்திருக்கிறாள் என்று காதில் விழுந்ததும் முகம் மாறியது.

“நெலையாவேவா கூட்டிட்டுப் போறீக?”

“இல்லக்கா. ஒரு நாளைக்குத்தான்.”

“ஓ” என்று சொல்லிவிட்டுச் சந்தனம்மாள் உள்ளே போய்விட்டாள். ஞானபாக்கியத்துக்கு அவள்மேல் இருந்த கோபமெல்லாம் அந்த ஒரு எழுத்தில் போய்விட்டது.

குறித்த நாளில் சாம்ராஜ் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு வந்தான். சுஜிதா காலையிலிருந்து மூன்று முறை முகம் கழுவியிருந்தாள். இரட்டைச் சடைக்குச் சிவப்பு ரிப்பன் வேண்டும் என்று அடம்பிடித்து வாங்கிக் கட்டியிருந்தாள். பஸ்ஸிலிருந்து இறங்கினவன் பிள்ளையை மேலும் கீழும் பார்த்தான்.

“இவளா?”

அதற்குமேல் ஒன்றும் சொல்லத் தோன்றாமல் அவள் தலைமேல் கையை வைத்தான். யாரோ வீட்டுச் சுவரில் கை ஊன்றினது மாதிரி இருந்தது அது. பிள்ளை அசையாமல் நின்றாள்.

தலைமையாசிரியை அறையில் அவன்தான் பேசினான். பொம்பளைப் பிள்ளைகளைக் கண்டித்து வளர்க்க வேண்டும், இந்தக் காலத்தில் ஒழுக்கம் குறைந்துவிட்டது, குடும்பம் என்றால் ஒரு கட்டுப்பாடு வேண்டும். தலைமையாசிரியை தலையாட்டினார். தகப்பன் வந்திருக்கிறார் என்பதில் அவருக்கு ஒரு நிம்மதி. ஞானபாக்கியம் ஒருத்தியாக இரண்டு முறை வந்தபோது உட்காரச் சொல்லாதவர், இப்போது அவனுக்கு நாற்காலி போடச் சொன்னார்.

“பிள்ளை பிறந்த தேதி சொல்லுங்க” என்று எழுதத் தயாரானார்.

சாம்ராஜ் மனைவியைப் பார்த்தான். அவள் ஜன்னல் வழியாக வேப்பமரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“பிப்ரவரியில...” என்றான். நேரம் போனது. “குளிர் காலம்” என்றான்.

பிறப்புச் சான்றிதழ் மேஜைமேலேயே இருந்தது. தலைமையாசிரியை அதைப் பார்த்து அவரே எழுதிக்கொண்டார். பெரிய மனிதர்களுக்கு இதெல்லாம் ஞாபகம் இருக்காது என்று சிரித்துவிட்டுப் பேனாவை அவனிடம் கொடுத்தார். அவன் கோடு தாண்டிப் பெரிதாகக் கையெழுத்துப் போட்டான். வெளியே வந்ததும் பிரியாணி சாப்பிட வேண்டும் என்றான். வாங்கிக் கொடுத்தாள்.

சாயங்காலம் விடுதி வாசலில் சுஜிதா, “மறுபடி எப்பம்மா வருவாக?” என்று கேட்டாள்.

“அடுத்த ஜூன்ல” என்றாள் ஞானபாக்கியம். பிள்ளை விரலை விட்டு எண்ணியதைப் பார்த்தும் பார்க்காத மாதிரி பஸ்ஸுக்கு நடந்தாள். அந்த ஒரு நாள் மட்டும் அவளுக்கு அவனைத் திட்ட வார்த்தை போதவில்லை.

ஜூனுக்கு ஜூன் இது நடந்தது. விடுதிக்கு ஒரு கையெழுத்து, உதவித்தொகைக்கு ஒன்று. சாம்ராஜ் வரவர அதை ஒரு திருவிழா ஆக்கிக்கொண்டான். ஒரு வருஷம் புதுச் செருப்பு கேட்டான். ஒரு வருஷம், ஆள் நடமாட்டம் உள்ள இடத்தில் அத்தான் என்று கூப்பிடச் சொன்னான். அவளும் அருப்புக்கோட்டை பஸ் ஸ்டாண்டில் நின்று, “அத்தான், உங்க பஸ்ஸு போகுது, போயிருங்க அத்தான்” என்று நாலு பேர் திரும்பிப் பார்க்கிற மாதிரி கூப்பிட்டாள்.

சுஜிதா ஒன்பதாம் வகுப்புக்கு வந்த ஜூனில், ஞானபாக்கியம் காரியாபட்டிக்குக் கிளம்பச் சேலை மடித்துக்கொண்டிருந்தபோது, “நீ போக வேணாம்மா” என்று ஒரு படிவத்தை நீட்டினாள். அதில் சாம்ராஜின் கையெழுத்து இருந்தது. மை இன்னும் காயவில்லை.

வேத வசனம் படிக்கிற வீடு அது. பொய்ச்சாட்சி பெரிய பாவம். ஞானபாக்கியம் படிவத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். மகளுடைய கண்ணையும் பார்த்தாள். மூன்று முறை முகம் கழுவிய பிள்ளை அங்கே இல்லை.

“ரொம்ப நேரா இருக்கு” என்றாள். “அவுக எழுத்து இம்புட்டு ஒழுங்கா இருக்காது.”

“பரவால்ல. நான் போடுறதுதான் இனிமே அவுக கையெழுத்து.”

அப்படியே ஆனது. ஒன்பது, பத்து இரண்டு வருஷமும் பள்ளிக்கோப்பில் ஏறியதெல்லாம் சுஜிதா போட்ட சாம்ராஜ்தான். உண்மைச் சாம்ராஜுக்கு அழைப்பு நின்றுபோனது. தாயும் மகளும் ஜூன் மாதத்தை நிம்மதியாகக் கழித்தார்கள்.

1997இல் பத்தாம் வகுப்பில் சுஜிதா பள்ளியில் முதலாவதாக வந்தாள். பத்திரிகையில் மாவட்டப் பக்கத்தில் சின்னதாகப் படம் வந்தது. சா. சுஜிதா, தந்தை பெயர் சாம்ராஜ். தாயின் பெயருக்கு அந்தப் பத்தியில் இடமில்லை. ஒரு மில்காரர் ஏற்படுத்தியிருந்த உதவித்தொகையும் மேடையில் மரியாதையும் அறிவித்தார்கள். யாரோ அந்தப் பத்திரிகையில் வடை மடித்து வாங்கி வந்து காரியாபட்டியில் சாம்ராஜிடம் காட்டியிருக்கிறார்கள். அழைக்காமலே வந்துவிட்டான். ஞானபாக்கியம் மகளோடு பள்ளி அலுவலகத்துக்குள் நுழைந்தபோது அவன் ஏற்கெனவே நாற்காலியில் இருந்தான், உதவித்தொகைப் படிவத்தில் கையெழுத்துப் போட்டு முடித்திருந்தான்.

ராஜகுரு படிவத்தையும் பழைய கோப்பையும் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டுக்கொண்டிருந்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடியும் பார்த்தார்.

“இது அவர் கையெழுத்து இல்ல மேடம்” என்றார் தலைமையாசிரியையிடம்.

“நான்தான்யா சாம்ராஜ்” என்றான் சாம்ராஜ்.

“நீங்க யாருங்கிறதுக்கு ஏதாவது அத்தாட்சி இருக்கா?”

இல்லை. ரேஷன் கார்டு சந்தனம்மாள் பெயரில் இருந்தது. அதில் இவனைச் சேர்க்க அவளுக்கு மனம் வரவில்லை போலும். பையைத் துழாவினான், லாட்டரிச் சீட்டுக் கட்டுதான் வந்தது. அப்போது ஞானபாக்கியம் தன் பையிலிருந்து பிளாஸ்டிக் உறையை எடுத்து மேஜைமேல் வைத்தாள்.

“அவுக பேரு போட்ட கவர்மெண்டு தாளு எங்கிட்ட ஒண்ணு இருக்கு சார்.”

ராஜகுரு பழக்க தோஷத்தில் சத்தமாக வாசித்தார். “சாம்ராஜ் என்பவரால் கைவிடப்பட்டு...” அதோடு நிறுத்தினார். சாம்ராஜ் தரையைப் பார்த்தான்.

இரண்டு வருஷமாக ஆளைப் பார்க்காத தலைமையாசிரியை ஞானபாக்கியத்தைப் பார்த்தார். “இவர்தானாம்மா?”

“இவுகதான். சந்தேகமே வேணாம். இப்பிடி ஒரு ஆளுக்குப் போலி செய்ய யாரும் மெனக்கெட மாட்டாக.”

ஆனாலும் கோப்பு கோப்புதானே. கோப்பில் மேலே இருக்கிற கடைசி இரண்டு வருஷக் கையெழுத்துகளோடுதான் பொருந்த வேண்டும் என்றார் ராஜகுரு. ஒரு வெள்ளைத்தாளைக் கொடுத்து, நிதானமாகப் போட்டுப் பாருங்கள் என்றார். சாம்ராஜ் கோப்பை எட்டிப் பார்த்தான். அங்கே இருந்த சாம்ராஜ் நேராக, அழகாக, கோட்டின்மேல் நின்றான். இவன் பார்த்துப் பார்த்து எழுதினான். முதல் தடவை ‘ம்’ கோணியது. இரண்டாம் தடவை ‘ரா’வின் கால் நீண்டது. வேர்த்தது. மூன்று, நாலு, ஐந்து. மகள் போட்ட தன் கையெழுத்தைப் போட அவனுக்கு வரவில்லை. சுஜிதா சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பதினாறு வயசு. முகத்தில் ஒன்றும் இல்லை.

தலைமையாசிரியை தாளைப் பார்த்தார், பிறகு சுஜிதாவைப் பார்த்தார். அவருக்கு ஏதோ புரிந்திருக்க வேண்டும்.

“போதும் விடுங்க. அம்மா, நீங்களே போடுங்க. பெற்றோர் அல்லது பாதுகாவலர்னுதான் போட்டிருக்கு.”

ஞானபாக்கியம் பேனாவைத் தொடவில்லை. “நான் போட்டாச் செல்லுமா?”

“செல்லும்.”

“அஞ்சு வருசத்துக்கு முன்னாடி ஃபாரத்துல என்ன போட்டிருந்துச்சு சார்?” என்று ராஜகுருவைக் கேட்டாள்.

அச்சுப் பிசகாத மனிதர் அல்லவா, பொய் சொல்ல வரவில்லை. கோப்பின் அடியிலிருந்து ஆறாம் வகுப்புப் படிவத்தை எடுத்தார். “இதேதான். ஃபாரம் மாறல.”

“அப்ப யாரு தகப்பனார்தான் வேணும்னு சொன்னது?”

ராஜகுரு கோப்பை மூடினார். சட்டம் என்றும் விதி என்றும் அவள் பயந்து ஓடினது எதுவும் அந்தத் தாளில் இல்லை. இவர்கள் தலைக்குள்தான் இருந்தது. அதற்காகத்தான் பிரியாணியும் செருப்பும், அத்தான் என்கிற சொல்லும், சிவப்பு ரிப்பனும். மேஜைக்கு அந்தப் பக்கம் இருந்த இருவரையும் இந்தப் பக்கம் இருந்தவனையும் ஒரே பார்வையில் பார்த்தாள். அவளுக்கு மூவருக்கும் வித்தியாசம் தெரியவில்லை. ஞானபாக்கியம் என்று கோட்டுக்குள் அடக்கமாகக் கையெழுத்துப் போட்டாள்.

“மேடையில நான் நிக்கலாம்ல?” என்று கேட்டான் சாம்ராஜ்.

“நில்லுங்க. போட்டோவுக்குக் கையெழுத்து வேணாம்” என்றாள்.

நின்றான். நடுவிலேயே நின்றான். அந்தப் போட்டோவைச் சுஜிதா வாங்கவே இல்லை.

1999 பிப்ரவரியில், தாயும் பிள்ளைக்கு இயற்கைப் பாதுகாவலர்தான் என்று டில்லியில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புச் சொன்னதாகப் பத்திரிகையில் கட்டம் கட்டி வந்தது. பிளஸ் டூ பரீட்சைக் கட்டணம் கட்டப் போன இடத்தில் ஞானபாக்கியம் அதை ராஜகுருவிடம் காட்டினாள். அவர் ஒரு வரி விடாமல் படித்தார்.

“இது இந்துச் சட்டத்தைப் பத்தி வந்த கேஸும்மா. உங்களுக்குப் பொருந்துமான்னு பாக்கணும்.”

“நல்லாப் பாருங்க சார். அவசரமில்ல. இந்த மாசத்தோட எம் பிள்ளைக்குப் பதினெட்டு முடிஞ்சிருச்சு. இனிமே பாதுகாக்க யாரும் வேணாம்.”

கோவிலில் அந்த வருஷம் குடும்ப ஞாயிறு வந்தது. தனியாக நின்று பிள்ளையை ஆளாக்கியதற்குச் சாட்சி சொல்ல வேண்டும் என்று ஏசுவடியான் கேட்டார். அவருக்கு இப்போது நடை தளர்ந்திருந்தது. சாட்சி சொல்ல எனக்கு ஒன்றுமில்லை, எல்லாம் நீங்கள் கேட்டு வாங்கித் தந்த பொறுமைதான் என்று சொல்லி அனுப்பிவிட்டாள். அவர் அதைப் புகழ்ச்சி என்று எடுத்துக்கொண்டார்.

சுஜிதாவுக்கு மதுரையில் நர்சிங் படிப்புக்கு இடம் கிடைத்தது. படிவத்தில் எல்லாக் கையெழுத்தையும் அவளே போட்டாள், இந்த முறை அவள் பெயரில். போவதற்கு நாலு நாள் முன்னால், “காரியாபட்டி வரைக்கும் போயிட்டு வாரேம்மா” என்றாள்.

“எதுக்கு?”

“தெரியல.”

ஞானபாக்கியம் தடுக்கவில்லை. வேலாங்குளத்தில் அன்று முழுக்கப் பதிவேட்டில் தப்புத் தப்பாக எழுதினாள். சாயங்காலம் மகள் வந்து செருப்பைக் கழற்றினாள்.

“என்ன சொன்னாக?”

“நர்சுக்கு நைட் டூட்டி இருக்குமே, பொம்பளப் பிள்ளைக்கு ஆகுமான்னாக. சந்தனம்மாள் சாப்பிடச் சொன்னாக, சாப்பிட்டேன். கெளம்பும்போது அவுக ஒரு லாட்டரிச் சீட்டுக் குடுத்தாக, அதிர்ஷ்டம் இருந்தா விழும்னு.” கொஞ்சம் நிறுத்தினாள். “பஸ்ஸுல வச்சுப் பாத்தேன். குலுக்கல் போன வாரமே முடிஞ்சிருச்சு.”

ஞானபாக்கியம் மகள் முகத்தைப் பார்த்தாள். அழுகிறாளா சிரிக்கிறாளா என்று தெரியவில்லை. பக்கத்தில் போய் உட்கார்ந்துகொண்டாள். இரண்டு பேரும் ரொம்ப நேரம் விளக்குப் போடவில்லை.

திங்கட்கிழமை மதுரைக்குக் கொண்டுபோய் விட்டாள். விடுதிக் கட்டிலில் பெட்ஷீட்டை விரித்து, பெட்டியைக் கட்டிலுக்கு அடியில் தள்ளி, வாளியில் பெயர் எழுதிவிட்டு, மத்தியான பஸ்ஸுக்கே திரும்பிவிட்டாள். மறுநாள் பிள்ளைகளுக்கு முட்டை போடுகிற நாள். நூற்று நாற்பது முட்டை வேக வைக்க வேண்டும்.